நாலு விரற்கடைக்கு மேலே ஒரு தரை

களத்தில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. வருகைப் பதிவேட்டில் ஏதோ ஒரு பெயர் இருந்தது, அவ்வளவுதான். முகத்துக்கு நேரே எல்லாருக்கும் அவர் 'அண்ணே'. முதுகுக்குப் பின்னால் 'பாம்புக்காது'. பின்னால் அப்படிச் சொல்கிறார்கள் என்பது அவருக்கும் தெரியும். அதில் கொஞ்சம் கர்வம்கூட உண்டு. ஊரில் பாதிப் பேருக்குப் பட்டப்பெயர் மூக்கையும் தொந்தியையும் வைத்துத்தான் கிடைக்கிறது, இவருக்கு வேலைத்திறமையை வைத்துக் கிடைத்தது.

முப்பத்தோரு வருடத்துக்கு முன்னால் அகழாய்வுக்கு மண்கூடை தூக்க வந்தவர் அவர். மூன்றாம் நாள், காலிக் கூடையோடு குழியோரம் நின்றவர் திடீரென்று, "சார், அவரை நிறுத்தச் சொல்லுங்க, அடியில தரை இருக்கு" என்றார். கொத்திக்கொண்டிருந்தவனுக்கே தெரியாதது கூடைக்காரனுக்கு எப்படித் தெரியும் என்று எல்லாரும் சிரித்தார்கள். நாலு விரற்கடை இறங்கியதும் சுண்ணாம்புத் தரை பல்லைக் காட்டியது. சிரித்தவர்கள் வாயை மூடிக்கொண்டார்கள். மறுநாள் கூடை போய் அவர் கைக்குக் கொத்து வந்தது.

விஷயம் இதுதான். இடிந்து விழுந்து நிரம்பிய மண் பொதபொதவென்று இருக்கும். இரும்பு விழும் சத்தத்தை அப்படியே விழுங்கிவிடும். மனிதர்கள் நடந்து நடந்து இறுகிய பழைய தரை கீழே நெருங்கும்போது அந்தச் சத்தம் மாறும். அந்த மாற்றத்தைக் கேட்டுக் கையை நிறுத்தத் தெரிந்தவன்தான் இந்த வேலையில் ஆள். ஏனென்றால் பழைய தரை என்பது ஒரு மூடி. மூடிக்கு மேலே கிடந்தது ஒரு காலத்துச் சாமான், கீழே கிடந்தது வேறு காலத்துச் சாமான். மூடியை உடைத்து இரண்டையும் கலந்துவிட்டால், அப்புறம் எவ்வளவு படித்தவர் வந்தாலும் பிரிக்க முடியாது.

அகழாய்வு வருடத்துக்கு நாலு மாதம்தான் நடக்கும். மீதி எட்டு மாதத்துக்கும் வயிறு இருக்கிறதே. அவர் ரோடு உடைக்கப் போனார். காற்றழுத்த மெஷினின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, காலையிலிருந்து சாயங்காலம் வரை தார்ச்சாலையைத் துளைக்கும் வேலை. முதல் வருடம் காதில் பஞ்சு வைத்துக்கொண்டார். "பாம்புக்காது பஞ்சுக்காது ஆயிடுச்சுடா" என்று கூட இருந்தவர்கள் கேலி செய்தார்கள். மறுநாளே பஞ்சை எறிந்துவிட்டார். இந்த இடத்தில் அவர்மேல் யாருக்கும் கோபம்தான் வரும். நாலு பேர் சிரிப்புக்குப் பயந்து சோறு போடுகிற காதைக் கொடுப்பார்களா? இவர் கொடுத்தார்.

முதலில் போனது சின்னச் சத்தங்கள். கொசுவின் சத்தம் போனது, அதில் சந்தோஷப்பட்டார். சைக்கிள் மணி போனது. மனைவி தையல் மெஷினை நிறுத்திவிட்டு உள்ளிருந்து கூப்பிடுவது போனது. கடைசியில், நாலு வருடத்துக்கு முன்னால் ஒரு நாள், கொத்து மண்ணில் விழும் சத்தமும் போனது. அன்று குழிக்குள் உட்கார்ந்து கொத்தை மூன்று தடவை காதருகே கொண்டுபோய் விரலால் சுண்டிப் பார்த்தார். இரும்பு ஆடியது தெரிந்தது, சத்தம் வரவில்லை.

அன்றிலிருந்து நடந்ததெல்லாம் நாடகம். முதுகுவலி என்று சொல்லிக் கொத்தை விட்டுவிட்டு, கொத்தனார் வைத்திருப்பது போன்ற கைக்கரண்டிக்கு மாறினார். கரண்டியின் பிடி வழியாகத் தரையின் கெட்டித்தனம் உள்ளங்கைக்கு வந்துவிடும், அதை வைத்துச் சமாளித்தார். பேசுகிறவர் வாய் தெரிகிற மாதிரி நின்றார். மற்றவர்கள் சிரித்தால் அரை நொடி கழித்துத் தானும் சிரித்தார். புரியாத கேள்விக்கெல்லாம் "நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்பதே பதில். அந்தப் பதிலுக்காகவே பணிவானவர் என்று பெயர் வாங்கினார். மடியில் கனம் இருப்பவனுக்கு வழியெல்லாம் பயம் என்பார்கள். அவருக்குக் காலை எட்டு மணிக்குக் களத்தில் கால் வைத்ததிலிருந்து சாயங்காலம் கைகால் கழுவுகிற வரை பயம்தான்.

தெரிந்தது மனைவிக்கு மட்டும். அவள் வீட்டிலேயே பள்ளிச் சீருடை தைக்கிறவள். "டாக்டர்கிட்ட போங்க, போங்கன்னு எத்தனை தடவை சொல்றது? செவிடன் காதுல சங்கு ஊதின கதைதான்!" என்று ஒருநாள் கத்தினாள். கத்திவிட்டு, தான் சொன்னது உவமையே இல்லை என்பது உறைத்ததும் உதட்டைக் கடித்துக்கொண்டு பாபினில் நூலைச் சுற்ற ஆரம்பித்தாள்.

இந்த வருடம் தோண்டியது ஊர் எல்லையில், மூடிக்கிடந்த செங்கல் சூளைக்குப் பின்னால். கிடைத்தது ஒரு வீடு. வீட்டுக்குள் வீட்டுக்குரிய லட்சணம் இல்லாத ஒரு அறை. இரண்டு அறைகளுக்கு நடுவிலிருந்த சுவரை எடுத்துவிட்டு ஒரே கூடமாக்கியிருந்தார்கள். சுவரோரம் நீளமாக உட்காருகிற மேடை. மூலையில் மூன்று படி இறங்குகிற ஒரு தொட்டி. தொட்டிக்கு மேலே சுவர்ப்பூச்சில் மங்கிய சிவப்பில் ஒரு படகு, அதன் அடியில் இரண்டு மீன்.

களத்தின் தலைவர் ஒரு பேராசிரியர். ஐம்பதைத் தொட்ட பெண்மணி. அவர் எல்லாரையும் உட்காரவைத்து விளக்கினார். "கிறிஸ்தவங்க கோயில் கட்டிக்க அரசாங்கம் அனுமதி தராத காலம் ஒண்ணு இருந்துச்சு. அப்போ யாராவது ஒருத்தர் வீட்டுலதான் கூடிக் கும்பிடுவாங்க. சத்தம் வெளிய போகாம பாடுவாங்க. இந்தத் தொட்டி ஞானஸ்நானத் தொட்டி, அதுல சந்தேகமே இல்ல. கேள்வி ஒண்ணே ஒண்ணுதான். இந்த அறை அந்தப் பயந்த காலத்துதா, இல்ல அனுமதி கிடைச்ச பிறகு சாவகாசமா கட்டினதா? பிந்தினதுன்னா இது நூத்துல ஒண்ணு. முந்தினதுன்னா உலகத்துலேயே இந்த மாதிரி விரல்விட்டு எண்ணிடலாம்."

அந்தக் கேள்விக்குப் பதில் ஒரு செவ்வாய்க்கிழமை பாம்புக்காதின் கரண்டி முனையில் வந்தது. தொட்டிக்கு முன்னால், கெட்டியான கல்பாவிய தரையின்மேல், உள்ளங்கை அளவு மண்விளக்கு ஒன்று உடையாமல் குந்தியிருந்தது. அந்த மாதிரி விளக்கு செய்வதையே, கோயில் கட்ட அனுமதி வருவதற்கு எண்பது வருடம் முன்னாலேயே நிறுத்திவிட்டார்களாம். பேராசிரியர் குழிக்குள் குதித்து, விளக்கைத் தொடாமல் அதன் முன்னால் முழங்கால் போட்டு உட்கார்ந்து அழுதார். "அண்ணா, தரைக்கு மேலதானே இருந்துச்சு? அடியில இல்லையே?" என்று கேட்டார். பேராசிரியரின் வாயையே பார்த்துக்கொண்டிருந்ததால் பாம்புக்காதுக்கு இந்தக் கேள்வி புரிந்தது. "மேலதான் மேடம்" என்றார். அது உண்மைதான்.

அப்புறம் எல்லாம் தலைதெறிக்க நடந்தது. பக்கத்துத் தேவாலயத்துப் பாதிரியார் தினமும் வந்து குழியோரம் தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றார். அந்தச் சனிக்கிழமை பெய்த மழையில் குழியின் நாலாவது பக்கம், அதாவது அறையின் தோண்டாத பாதி இருந்த பக்கம், சரிந்துவிட்டது. யார் தலையிலும் விழக்கூடாதென்று மணல் மூட்டை அடுக்கி முட்டுக்கொடுத்தார்கள். அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை செய்தியாளர் கூட்டம் என்று முடிவானது. புதன்கிழமை மணல் லாரி வந்து, காட்ட வேண்டிய இடத்தை மட்டும் விட்டுவிட்டு மற்றதைப் பாதுகாப்பாக மூடுவதாக ஏற்பாடு.

திங்கட்கிழமை, படம் எடுப்பதற்காகச் சுவரோர மேடையைத் தூரிகையால் சுத்தம் செய்யும் வேலை பாம்புக்காதுக்கு. மேலிருந்து கீழே தட்டிக்கொண்டே வந்தவருடைய கை நின்றது. மேடையின் சுண்ணாம்புப் பூச்சு தரை வரை வரவில்லை. தரைக்கு நாலு விரற்கடை மேலேயே முடிந்துவிட்டது. நகர்ந்து போய்த் தொட்டியைப் பார்த்தார். தொட்டியின் வெளிப்பூச்சும் நாலு விரற்கடை மேலேயே நின்றது.

"ஈரம் அரிச்சிருக்கு அண்ணே" என்றார் குழிகளைப் படமாக வரைகிறவர், அவர் பார்ப்பதைப் பார்த்துவிட்டு. பேராசிரியரும் குறிப்பேட்டில் அப்படித்தான் எழுதியிருந்தார்.

ஈரம் அரித்த பூச்சு எப்படியிருக்கும் என்று முப்பத்தோரு வருடமாகப் பார்த்தவருக்குத் தெரியாதா? எலி கடித்த மாதிரி ஏற்ற இறக்கமாக இருக்கும். இது நூல் பிடித்த மாதிரி ஒரே மட்டத்தில் முடிந்திருந்தது. பூசுகிறவன் அங்கே நிறுத்தியிருக்கிறான். ஏன் நிறுத்தினான்? அங்கே தரை இருந்ததால் நிறுத்தினான்.

அந்த நாலு விரற்கடை உயரத்தில் ஒரு தரை இருந்திருந்தால், மேடையும் தொட்டியும் மீன் படமும் அந்த மேல்தரையைச் சேர்ந்தவை. விளக்கு கிடந்தது கீழ்த்தரையில். கீழ்த்தரை அதற்கு முன்னால் யாரோ சாதாரணமாகக் குடியிருந்து சமைத்துச் சாப்பிட்ட வீட்டுத் தரை. விளக்கு எத்தனை பழையதாக இருந்தாலும் தொட்டியின் வயதுக்கு அது சாட்சியாகாது. அப்படியானால் மேல்தரை எங்கே? அதைத்தான் அவர் கரண்டியால் சுரண்டிக் கூடையில் போட்டுவிட்டார்.

போட்டதற்கு அடையாளமும் இருந்தது. விளக்கு கிடைத்த அன்று காலையில், மண் சலிக்கிற சல்லடைக்காரம்மா மேலிருந்து கையை நீட்டியிருந்தாள். கையில் நகத்தளவு வெள்ளைச் செதில்கள். அவள் என்ன கேட்டாள் என்று காதில் விழவில்லை. என்ன கேட்டிருப்பாள் என்று அவராக ஊகித்துக்கொண்டு, "சுவர்ப்பூச்சு உதிர்ந்தது, கொட்டிடும்மா" என்றார். பாம்புக்காது சொன்னால் அப்பீல் ஏது? அவள் கொட்டிவிட்டாள். கனமான தரையென்றால் கைக்குத் தெரிந்திருக்கும். இது மண்ணையே குழைத்துப் பரப்பி, மேலே சுண்ணாம்புத் தண்ணீர் தெளித்த ஏழைத் தரையாக இருக்க வேண்டும். கண்ணுக்கும் மண் நிறம்தான். காதுக்கு மட்டும்தான் அகப்படும்.

அல்லது எதுவுமே இல்லாமல் உண்மையிலேயே ஈரம் அரித்ததாகவும் இருக்கலாம். அதுதான் சித்திரவதை. நிச்சயமாகத் தெரிந்துவிட்டால் மனிதன் ஒரு பக்கம் சாய்ந்துவிடுவான். தோண்டாத பாதி அறை மணல் மூட்டைக்குப் பின்னால் இருந்தது. அங்கே கொஞ்சம் தோண்டினால் தெரிந்துவிடும். ஆனால் ஏன் தோண்ட வேண்டும் என்று யாராவது கேட்பார்களே.

அன்று சாயங்காலம் மனைவியிடம் சொன்னார். அங்கேயும் ஒரு சிக்கல். அவர் ரகசியமாகச் சொல்லலாம். அவளுக்கு ரகசியமாகப் பதில் சொல்ல வராது. காது போனவரிடம் கத்தியே பழகிவிட்டாள், அவள் கத்தினால் தெருவுக்கே கேட்கும். "என்னது, தரையை உடைச்சிட்டீங்களா!" என்று அவள் முதல் வாக்கியத்தை ஆரம்பித்ததுமே எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது. அவள் ஜன்னலைப் பார்த்து, "டைல்ஸ்! டைல்ஸ் உடைஞ்சிடுச்சு!" என்று சிரித்துச் சமாளித்துவிட்டு உள்ளே ஓடினாள்.

திரும்பி வந்தபோது கையில் தையல் சாக்குக்கட்டி. துணி வெட்டும் மேஜையின் கறுப்புப் பலகையில் எழுதினாள்: "யாருக்குத் தெரியும்?"

"எனக்கு மட்டும்தான்."

அதை அழித்துவிட்டு எழுதினாள்: "சொன்னா வேலை போகுமா?"

"போகும். காது போனவனைக் குழியில இறக்குவாங்களா? அது போனா போகட்டும். அந்த அம்மா இருபது வருஷமா இதைத் தேடினவங்க. இந்தப் பேர் வந்தாத்தான் அடுத்த வருஷம் தோண்ட அனுமதியே கிடைக்குமாம். அத்தனை பேர் பொழப்பும் அதுல இருக்கு. நான் வாயைத் திறந்தா எல்லார் தலையிலயும் மண்ணு. அதுவும் இருக்கோ இல்லையோன்னு தெரியாத ஒரு தரைக்காக."

சாக்குக்கட்டியை விரலில் உருட்டிக்கொண்டே இருந்தாள். பிறகு மெஷினை ஓட்டப் போய்விட்டாள். அவருக்குச் சத்தம் கேட்கவில்லை. அவள் கால் மிதிப்பது மட்டும் தெரிந்தது. தப்புத் தப்பாக மிதித்தாள். காலர் தைக்க வேண்டிய இடத்தில் சட்டைக் கையைத் தைத்துவிட்டுப் பிரித்துக்கொண்டிருந்தாள்.

செவ்வாய்க்கிழமை சொல்லிவிடுவது என்று போனார். பேராசிரியர் கொட்டகையில் தனியாகத்தான் இருந்தார். இவர் வாயைத் திறப்பதற்குள் பேராசிரியர் ஒரு தாளைத் திருப்பிக் காட்டினார். வெள்ளிக்கிழமை வாசிக்கப்போகிற அறிக்கை. கடைசிப் பத்தியில் விரலை வைத்தார். இந்தத் தரையைக் கண்ணால் பார்ப்பதற்கு முன் காதால் கேட்டவருக்கு நன்றி என்று அதில் இருந்தது.

"உங்க நிஜப் பேரைப் போடலாமா அண்ணா? இல்ல பாம்புக்காதுன்னே போடட்டுமா?" பேராசிரியர் சிரித்தார். "என்ன பாக்குறீங்க? அந்தப் பட்டப்பேர் எனக்கும் தெரியும்."

அவர் அரை நொடி கழித்துச் சிரித்தார். "நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும் மேடம்" என்றார். வெளியே வந்து தண்ணீர்க் குழாயைத் திறந்து, முகம் கழுவுகிற பாவனையில் குனிந்தே நின்றார். தெறித்த தண்ணீர் சட்டையையெல்லாம் நனைத்தது. சல்லடைக்காரம்மா ஓடிவந்து ஏதோ கேட்டாள். காய்ச்சலா என்று கேட்டிருப்பாள். அவர் தலையை ஆட்டினார், ஆமாம் என்றா இல்லை என்றா என்று அவருக்கே தெரியாது.

அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்தபோது மனைவி மேஜைமேல் ஏற்கெனவே எழுதி வைத்திருந்தாள். பகல் முழுக்க யோசித்து எழுதியிருக்க வேண்டும். எழுத்து குண்டு குண்டாக இருந்தது. "காது போனது உங்க தப்பில்ல. போன காதை வச்சுக்கிட்டு, தரை இல்லன்னு சாட்சி சொல்றது தப்பு." அதன் கீழே, துணியை வெட்டுமுன் இழுக்கிற மாதிரி நேராக ஒரு கோடு போட்டிருந்தாள்.

அவர் அதைப் படித்துவிட்டு அழிக்காமல் விட்டார். அன்று அந்த மேஜையில் அவள் எதுவும் வெட்டவில்லை.

புதன்கிழமை காலை எட்டேகாலுக்கு மணல் லாரி வந்துவிட்டது. லாரி பின்பக்கமாகக் குழியை நோக்கி வந்துகொண்டிருந்தது. பேராசிரியர் கையைக் காட்டி வழிசொல்லிக்கொண்டிருந்தார். பாம்புக்காது போய் லாரிக்கும் குழிக்கும் நடுவில் நின்றார். ஓட்டுநர் ஹாரன் அடித்திருக்கிறார், அவருக்கு அது தெரியவில்லை. பேராசிரியர் ஓடிவந்து கையைப் பிடித்து இழுத்தார்.

"என்ன அண்ணா இது! ஹாரன் கேக்கலையா?"

"மேடம், எனக்குக் காது கேக்காது."

"இருங்க, லாரிச் சத்தம். ஆஃப் பண்ணச் சொல்றேன்." லாரியை நிறுத்தச் சைகை காட்டினார். இன்ஜின் அதிர்வு காலடியில் நின்றது. "இப்போ சொல்லுங்க."

"லாரி நின்னாலும் கேக்காது மேடம். நாலு வருஷமா கேக்காது."

பேராசிரியர் முகத்தில் முதலில் சிரிப்பு வந்தது, ஏதோ வேடிக்கை என்று நினைத்து. அது அப்படியே உறைந்தது. பாம்புக்காது அடுத்துச் சொன்னதெல்லாம் ஒரே மூச்சில் வந்தது. மேடைப் பூச்சின் கோடு, வெள்ளைச் செதில், சல்லடைக்காரம்மா கேட்டது, கேள்வி காதில் விழாமலே தான் சொன்ன பதில். முடிப்பதற்குள் கூட்டம் கூடிவிட்டது. பாதிரியாரும் வந்து நின்றிருந்தார். சல்லடைக்காரம்மா முந்தானை நுனியைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

பேராசிரியர் கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. அவர் வாய் மெதுவாக அசைந்தது, ஒவ்வொரு சொல்லாகப் படிக்க முடிந்தது. "நாலு வருஷம். நாலு வருஷமா எல்லாத் தரையையும் உங்க வாயை நம்பித்தான் எழுதியிருக்கேன்." பிறகு கொட்டகைக்குள் போனார். பத்து நிமிடம் வரவில்லை. அந்தப் பத்து நிமிடமும் பாம்புக்காது வெயிலில் நின்ற இடத்திலேயே நின்றார். யாரும் பக்கத்தில் வரவில்லை, விலகியும் போகவில்லை.

வெளியே வந்த பேராசிரியர் லாரிக்காரரிடம் மணலை ஓரமாகக் கொட்டச் சொன்னார். "மூட்டையெல்லாம் எடுங்க" என்றார் மற்றவர்களிடம். "சரிஞ்ச பக்கத்துல ஒரு முழம் அகலத்துக்குப் பட்டையா இறங்குங்க. கீழ்த்தரைக்கு ஒரு சாண் மேல வந்ததும் நிறுத்திடணும்."

மதியம் மூன்று மணிக்கு அந்த மட்டத்துக்கு வந்தார்கள். தோண்டியவர்களில் மூத்தவர் கரண்டியை எடுத்துக் குனிந்தபோது பேராசிரியர் தடுத்தார். பாம்புக்காதைக் கூப்பிட்டு எதிரே நின்று, வாயைப் பெரிதாகத் திறந்து சொன்னார்.

"நீங்களே தோண்டுங்க. அன்னைக்கு எப்படித் தோண்டினீங்களோ அப்படியே. வேகமும் அதே வேகம். ஒண்ணும் மாத்தக் கூடாது."

"எதுக்கு மேடம், தெரிஞ்சவங்க தோண்டட்டுமே."

"தரை இருக்கான்னு மட்டும் பாக்கணும்னா அவங்க போதும். நீங்க எப்படித் தோண்டினீங்கன்னு எனக்குத் தெரியணும். அப்போதான் அந்தப் பக்கம் என்ன போச்சுன்னு எழுத முடியும்." பிறகு சுற்றி நின்றவர்களைப் பார்த்துத் திரும்பினார். என்ன சொன்னார் என்று அவருக்குத் தெரியவில்லை. ஆனால் எல்லாரும் அசையாமல் நின்றதையும், ஒருவர் கைபேசியை எடுத்து அணைத்ததையும் பார்த்தார். யாரும் எதுவும் சொல்லக் கூடாது என்று சொல்லியிருப்பார்.

அவர் முழங்கால் போட்டு உட்கார்ந்தார். கரண்டியைச் சட்டையில் துடைத்துக்கொண்டார். தரை இருக்கக் கூடாது என்று ஒரு மனம் வேண்டிக்கொண்டது. இருந்தால் அந்த அம்மாவின் இருபது வருடமும் அத்தனை பேர் பிழைப்பும் போயிற்று. இருந்துவிட்டுப் போகட்டும் என்று இன்னொரு மனம் சொன்னது. இல்லாவிட்டால் இல்லாத ஒன்றுக்காக மானத்தை வாங்கிக்கொண்ட கிறுக்கன் என்பார்கள். எதை வேண்டுவது என்று தெரியாமல் கரண்டியை இழுத்தார்.

மண் வந்தது. அதே மண், அதே நிறம். ஓரத்தில் ஒதுக்கிவிட்டு இன்னொரு இழுப்பு. உள்ளங்கையில் எல்லாக் கவனத்தையும் வைத்தார். கை ஒன்றும் சொல்லவில்லை. வியர்வை மூக்கு நுனியில் வந்து நின்றது. துடைக்கவில்லை, அன்றைக்கும் துடைத்திருக்க மாட்டார். நாலு, ஐந்து, ஆறு என்று இழுத்தார். எல்லாம் மண். ஒரு வேளை ஈரம்தான் அரித்ததோ என்று நெஞ்சில் ஒரு சின்ன ஆசை எட்டிப் பார்த்தது. ஏழாவது, எட்டாவது இழுப்பிலும் மண்தான். மெல்ல மூச்சு விட்டார்.

நிமிர்ந்து பார்த்தார்.

சல்லடைக்காரம்மா இரண்டு கையாலும் வாயைப் பொத்தியிருந்தாள். பாதிரியார் கண்ணை மூடியிருந்தார். முப்பது வருடமாகக் கூட வேலை செய்தவர்கள், எந்தக் குழியிலும் யார் கொத்து எங்கே விழுந்தாலும் திரும்பிப் பார்க்காதவர்கள், எல்லாரும் அவர் கையைப் பார்க்காமல் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பேராசிரியர் குறிப்பேட்டை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார். அவருடைய கண் கலங்கியிருந்தது, அதில் கோபம் இல்லை.

"கேட்டுச்சா?" என்றார் பாம்புக்காது. குரல் வெளியே வந்ததா என்றுகூட அவருக்குத் தெரியவில்லை.

பேராசிரியர் தலையசைத்தார்.

"எப்போ?"

பேராசிரியர் வாயால் பதில் சொல்லவில்லை. வலது கையை உயர்த்தி மூன்று விரலைக் காட்டினார். காட்டிய கையைத் தோளுக்குப் பின்னால் மெல்ல வீசினார். மூன்று இழுப்புக்கு முன்னால்.

பாம்புக்காது குனிந்து பார்த்தார். கரண்டியின் தகட்டில் நகத்தளவு வெள்ளைச் செதில்கள் ஒட்டியிருந்தன. தம்முடைய முழங்காலுக்கு முன்னால் ஒரு சாண் நீளத்துக்கு, பயந்தோ பயப்படாமலோ யாரோ மண்டிபோட்ட தரையை, இத்தனை பேர் கேட்டுக்கொண்டிருக்கும்போதே, இரண்டாவது தடவையும் அவர் உடைத்திருந்தார். உடைந்த இடத்தின்மேல் உள்ளங்கையை வைத்தார். சில்லென்று இருந்தது.

பேராசிரியர் குழிக்குள் இறங்கி வந்தார். பாம்புக்காது எழுந்து, கரண்டியைத் திருப்பி, பிடி பேராசிரியர் பக்கம் வருமாறு நீட்டினார். பேராசிரியர் அதை வாங்கிக்கொண்டார்.